எஸ். பாலசந்தர் சினிமாக்காரரா, வீணைக் கலைஞரா?

இரண்டும்தான். ஆனால் என்னைக் கேட்டால் வீணைக்குத்தான் முதலிடம். 1934இல் 'சீதா கல்யாணம்' படத்தில் சிறுவனாகத் தலைகாட்டியவர், கஞ்சிரா, சிதார் என்று கைவைத்துப் பார்த்துவிட்டு, குருவிடம் போகாமலே வீணை கற்றார். ஒரே மெட்டில் (தந்தியை அழுத்த வீணையில் பதித்திருக்கும் உலோகக் கட்டை) தந்தியை இழுத்து இழுத்துப் பல ஸ்வரங்களைப் பேசவைப்பது அவர் பாணி. வாய்ப்பாட்டின் கமகம் (ஸ்வரத்தை அசைத்து, வளைத்துப் பாடுவது) அப்படியே கேட்கும்.

சினிமாவிலும் சளைத்தவர் இல்லை. 1954இல் அவர் இயக்கிய 'அந்த நாள்' படத்தில் பாட்டே கிடையாது. சிவாஜி சுடப்பட்டுச் சாவதில்தான் கதையே ஆரம்பம்! அந்தக் காலத்தில் இதற்குத் துணிச்சல் வேண்டும். 'பொம்மை'யில் (1964) நடிப்பு, இயக்கம், இசை மூன்றும் அவரே. 'நடு இரவில்' (1970) படத்துக்கு அப்புறம் சினிமாவை விட்டு வீணையோடு நின்றுவிட்டார். பத்ம பூஷண் 1982இல் வந்தது.