எழுதி வைத்த சண்டைக்கு யார் இவ்வளவு பணம் கொடுக்கிறார்கள்?

யார் ஜெயிப்பது என்று முன்பே முடிவு செய்துவிட்ட சண்டையை வைத்து, அமெரிக்க மல்யுத்த நிகழ்ச்சி நிறுவனமான டபிள்யூடபிள்யூஇ எப்படி இவ்வளவு சம்பாதிக்கிறது என்று கேட்டிருக்கிறீர்கள்.

முன்பே முடிவு செய்வதால்தான் சம்பாதிக்கிறது. அது போட்டியே இல்லை, நம்ம மெகா சீரியல் மாதிரி வருஷம் முழுக்க ஓடும் டிவி தொடர். விளையாட்டு ஆணையத்தின் கட்டுப்பாடு வேண்டாம் என்பதற்காக 1989-லேயே நியூஜெர்சி செனட்டில் நிறுவனத்தின் தரப்பே இது பொழுதுபோக்குதான் என்று ஒப்புக்கொண்டுவிட்டது. கிரிக்கெட்டில் பெரிய அணி முதல் சுற்றிலேயே தோற்றால் விளம்பரக்காரன் தலையில் கை வைப்பான். இங்கே யாரை எந்த மாதம் தூக்கிவிட வேண்டும் என்பது நிறுவனத்தின் கையில். சீசன் முடிவு, ஓய்வு மாதம் எதுவும் கிடையாது. நேரடி நிகழ்ச்சி என்பதால் ஜனங்கள் அந்த நேரத்துக்கே வந்து உட்காருவார்கள், விளம்பரத்தையும் சேர்த்துப் பார்ப்பார்கள், டிவிக்காரனுக்கு அதுதான் வேண்டும்.

டிக்கெட், டி-ஷர்ட் வருமானமும் உண்டு, ஆனால் பெரிய பணம் ஒளிபரப்பு உரிமையில்தான். டபிள்யூடபிள்யூஇ-யின் வாராந்திர நிகழ்ச்சிகள் இரண்டு, ஸ்மாக்டவுன், ரா. ஸ்மாக்டவுனுக்கு 2019-லிருந்து ஐந்து வருஷம், வருஷத்துக்குச் சுமார் 20 கோடி டாலர் என்று அமெரிக்க டிவி நிறுவனமான ஃபாக்ஸ் எடுத்தது. ரா நிகழ்ச்சியை 2025 ஜனவரியிலிருந்து பத்து வருஷத்துக்கு நெட்ஃபிளிக்ஸ் எடுத்திருக்கிறது, 500 கோடி டாலருக்கு மேல்.

இந்தப் பணம் கீழேயிருந்து எப்படிக் கிளம்புகிறது என்பதை நான் கடலூர் முதுநகரில் பார்த்திருக்கிறேன். அங்கே சித்தப்பா கேபிள் நடத்தினார். அப்போது இந்த ரெஸ்லிங்கைக் காட்டிய டென் ஸ்போர்ட்ஸ் பே சேனல், கனெக்‌ஷனுக்கு இவ்வளவு என்று கட்ட வேண்டும். விநியோக ஆள் வந்து எத்தனை வீடு என்று கேட்பார், சித்தப்பா ஒரு எண்ணிக்கை சொல்வார், அவர் இன்னொன்று சொல்வார், டீ ஆறிப்போகும்வரை பேரம் நடக்கும். ஒத்துவராமல் சேனலை நிறுத்தினால் அன்று சாயங்காலமே தெருப் பையன்கள் கன்ட்ரோல் ரூம் வாசலில் நிற்பார்கள். "அண்ணே, ரெஸ்லிங் வரலை" என்று ஒரே பாட்டு. சினிமா சேனல் ஒன்று போனால்கூட இன்னொன்றைப் பார்த்துக்கொள்வார்கள், இதற்கு மாற்று கிடையாது. சித்தப்பா பணத்தைக் கட்டிவிடுவார். அந்தப் பையன்களின் பிடிவாதம்தான் சேனலின் பேர பலம், சேனலிடம் உரிமை விற்கும்போது டபிள்யூடபிள்யூஇ-யின் பேர பலமும் அதுதான்.

டிவி கைவிட்டால் என்ன ஆகும் என்பதற்கு டபிள்யூசிடபிள்யூ கதை போதும். டபிள்யூடபிள்யூஇ-க்குப் போட்டியாக இருந்த, அமெரிக்க டிவி முதலாளி டெட் டர்னரின் மல்யுத்த நிறுவனம் அது. 1996 நடுவிலிருந்து 1998 வரை ஒன்றரை வருஷத்துக்கும் மேல், வாராவாரம் ரேட்டிங்கில் ரா நிகழ்ச்சியை அடித்துக்கொண்டிருந்தது. அப்புறம் நஷ்டம் ஏறியது, இருந்தாலும் வாங்க ஆள் இருந்தது, அதை முன்பு நடத்திய எரிக் பிஷாஃப் ஒரு முதலீட்டுக் குழுவோடு பேசிக்கொண்டிருந்தார். 2001 மார்ச்சில் டர்னர் சேனல்களின் புதிய தலைமை மல்யுத்தமே வேண்டாம் என்று நேரத்தை ரத்து செய்தது, அந்தக் குழு உடனே விலகிவிட்டது. கடைசியில் பெயர், பழைய டேப்புகள், சில வீரர்களின் ஒப்பந்தம் எல்லாம் சேர்த்து 50 லட்சம் டாலருக்கும் குறைவாக டபிள்யூடபிள்யூஇ-யின் அப்போதைய முதலாளி வின்ஸ் மக்மேனிடமே போனது. ரிங், வீரர்கள், ரசிகர்கள் எல்லாம் இருந்தும் டிவி நேரம் இல்லாததால் விலை இல்லை.

எனக்கு மனசு ஆறாத விஷயம் வீரர்களுடையது. உடம்பு உடைவது நடிப்பில்லை, விழுகிற பலகை பலகைதான். ஆனாலும் அவர்கள் ஊழியர்கள் கிடையாது, சுயேச்சை ஒப்பந்தக்காரர்கள் என்றுதான் கணக்கு, அதனால் ஓய்வூதியம் மாதிரி ஊழியருக்குரிய பாதுகாப்பு எதுவும் தானாக வராது. மேடைப் பெயர்கூடப் பெரும்பாலும் நிறுவனத்துக்குச் சொந்தம். ஹாலிவுட்டில் அவ்வளவு உயரத்துக்குப் போன டுவைன் ஜான்சனுக்கே 'தி ராக்' என்ற பெயரின் உரிமை 2024 ஜனவரியில்தான் கிடைத்தது, தாய் நிறுவனமான டிகேஓவின் இயக்குநர் குழுவில் சேர்ந்தபோது. சங்கம் வைக்க முயற்சியே நடக்கவில்லை என்று நினைக்காதீர்கள். 1986-ல், பிற்பாடு மினசோட்டா கவர்னரான ஜெஸ்ஸி வென்ச்சுரா சக வீரர்களிடம் பேசிப் பார்த்தார், விஷயம் முதலாளி காதுக்குப் போய் அங்கேயே நின்றது. இன்றுவரை அவர்களுக்குச் சங்கம் இல்லை. உரிமைத் தொகை இத்தனை மடங்கு ஏறிய பிறகும் அதில் வீரர்களுக்கு இத்தனை பங்கு என்று உட்கார்ந்து பேச ஒரு அமைப்பு கிடையாது, ஒவ்வொருவரும் தனித்தனியாகத்தான் பேசிக்கொள்ள வேண்டியிருக்கிறது.