முடியப்பன் தாத்தாவும் ஸ்தெஃபனோஸ் பேரனும்

கேள்வி: எனக்கு இது ஏழாம் மாசம். பையன் பிறந்தால் ஸ்தெஃபனோஸ் என்றுதான் பெயர் வைக்கணும் என்று கணவர் ஒற்றைக்காலில் நிற்கிறார். கிரேக்க டென்னிஸ் வீரர் ஸ்தெஃபனோஸ் சித்சிபாஸ் மேல் அவருக்கு அப்படி ஒரு பித்து. மாமியாரோ, காலமான மாமனாரின் பெயர் முடியப்பன், தலைப்பேரனுக்கு அதைத்தான் வைக்கணும், வாயில் நுழையாத பெயரெல்லாம் நம்ம வீட்டில் வேண்டாம் என்கிறார். நடுவில் மாட்டிக்கொண்டு முழிப்பது நான். அந்தக் கிரேக்கப் பெயருக்கு என்னதான் அர்த்தம்?
– வாசகி, திண்டுக்கல்

பதில்: அர்த்தத்தைச் சொன்னால் சண்டை இன்றைக்கே முடிந்துவிடும். ஸ்தெஃபனோஸும் முடியப்பனும் ஒரே பெயர்தான்! கிரேக்க ஸ்தெஃபனோஸ்தான் ஆங்கிலத்தில் ஸ்டீபன். அந்தப் புனித ஸ்டீபனைத் தமிழ்க் கத்தோலிக்கர்கள் தலைமுறை தலைமுறையாக முடியப்பர் என்று அழைத்து வந்திருக்கிறார்கள். பழைய ஆட்கள் வெளிநாட்டுப் பெயரை எழுத்துக் கூட்டித் தமிழில் எழுதியதோடு விட்டுவிடாமல், பொருளைப் பிடித்துத் தமிழாக்கவும் செய்தார்கள். பவுல் என்ற பெயரின் லத்தீன் மூலத்துக்குச் சிறியவர் என்று பொருள், ஆகவே சின்னப்பர். யோவான் என்றால் எபிரேயத்தில் கடவுள் அருள்கூர்ந்தார், ஆகவே அருளப்பர். ஸ்தெஃபனோஸ் என்றால் தலையில் சூடுவது, ஆகவே முடியப்பர். எனக்கு இந்த மூன்றுமே பிடிக்கும், சொல்லிப் பாருங்கள், மொழிபெயர்ப்பு வாடையே அடிக்காது.

இன்னொரு வேடிக்கை. கிரேக்கர்களிடமும் மூத்த மகனுக்கு அப்பா வழித் தாத்தாவின் பெயரை வைப்பதுதான் மரபு, இரண்டாவது மகனுக்கு அம்மா வழித் தாத்தா. ஒரு தாத்தாவுக்கு நாலு மகன்கள் என்றால் பண்டிகைக்கு எல்லோரும் கூடும் வீட்டில் ஒரே பெயரோடு நாலு பேரன்கள் ஓடிக்கொண்டிருப்பார்கள். ஆக, உங்கள் மாமியார் பேசுவது சுத்தமான கிரேக்கச் சம்பிரதாயம். கணவர் கேட்பது அவருடைய அப்பாவின் பெயர். இரண்டு பேரையும் உட்கார வைத்துச் சொல்லிவிடுங்கள்.

சரி, அர்த்தத்துக்கு வருவோம். பெயர்ப் புத்தகங்களைப் புரட்டினால் "ஸ்டீபன் – கிரீடம்" என்று ஒரே சொல்லில் முடித்துவிடுவார்கள். எனக்கு அதில் அரை மனசுதான். கிரீடம் என்றதும் நமக்குத் தங்கமும் சிம்மாசனமும் கண்முன் வருகின்றன, ஆனால் கிரேக்கத்தில் அந்தச் சொல் பிறந்த இடம் வேறு. ஸ்தெஃபைன் என்றால் சுற்றிக் கட்டு, சூட்டு என்று பொருள், அதிலிருந்து வந்தது ஸ்தெஃபனோஸ், இலையாலோ பூவாலோ வளைத்துக் கட்டித் தலையில் வைக்கும் வளையம். அலெக்சாண்டர் காலத்துக்குப் பிறகு கிரேக்க அரசர்கள் தலையில் கட்டிக்கொண்ட துணிப்பட்டைக்கு தியாதெமா என்று தனிப் பெயரே இருந்தது. ஸ்தெஃபனோஸ் என்பது ஓட்டப்பந்தயத்தில் ஜெயித்தவனுக்கும், விருந்தில் உட்கார்ந்தவனுக்கும், கல்யாண மாப்பிள்ளைக்கும் சூட்டுவது. "வாகை சூடினான்" என்கிறோமே, அந்த வாகையைத்தான் நினைத்துக்கொள்ள வேண்டும். தமிழ் வாசகருக்கு இது சட்டென்று புரியும், போருக்கு ஒரு பூ, வெற்றிக்கு ஒரு பூ என்று சூடிய இலக்கியம் நம்முடையது.

பழைய கிரேக்கத்தில் பெரிய விளையாட்டுப் போட்டிகள் நடந்த ஊர்கள் நாலு. ஒலிம்பியாவில் முதலாவது வந்தவனுக்குக் காட்டு ஒலிவ இலை வளையம். டெல்ஃபியில் லாரல் இலை, நெமியாவில் செலரிக் கீரை, இஸ்த்மியாவில் பைன் (கொஞ்ச காலம் அங்கேயும் செலரிதான்). கீரையைத் தலையில் வைத்துக்கொண்டா இவ்வளவு பெருமை என்று கேட்காதீர்கள், பாரசீகர்களே அப்படித்தான் திகைத்தார்கள். கி.மு. 480இல் பாரசீகப் படை கிரேக்கத்துக்குள் புகுந்தபோது, இவர்கள் பணத்துக்காக இல்லாமல் ஓர் ஒலிவ வளையத்துக்காகப் போட்டியிடுகிறவர்கள் என்று கேள்விப்பட்ட ஒரு பாரசீகப் பிரபு, எப்படிப்பட்ட ஆட்களோடு மோத எங்களைக் கூட்டிவந்தாய் என்று தளபதியிடம் புலம்பியதாகக் கிரேக்க வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸ் எழுதியிருக்கிறார். (முழுத் தியாகம் என்றும் நம்பிவிட வேண்டாம். ஒலிம்பியாவில் ஜெயித்து ஆதென்ஸ் திரும்பியவனுக்கு ஊர்ச் செலவில் ஆயுசுக்கும் சாப்பாடு உண்டு.) 2004இல் ஒலிம்பிக் ஆதென்ஸுக்குத் திரும்பி வந்தபோது பதக்கம் வாங்கியவர்கள் எல்லோர் தலையிலும் ஒலிவ வளையம் வைத்தார்களே, அதுவும் இதே மரபின் நினைவுதான்.

உங்களுக்கு என்றே ஒரு சேதி வைத்திருக்கிறேன். பழைய ஆதென்ஸில் ஆண் குழந்தை பிறந்தால் வாசல் கதவில் ஒலிவ வளையம் ஒன்றைத் தொங்கவிடுவார்கள், பெண் குழந்தை என்றால் கம்பளி நூல். தெருவில் போகிறவன் கதவைப் பார்த்தே தெரிந்துகொள்ளலாம். பையன் பிறந்ததற்கு அடையாளமான பொருளே பையனின் பெயராகவும் இருப்பது நன்றாகத்தானே இருக்கிறது?

ஒரே ஒரு எச்சரிக்கை. தமிழில் முடி என்றால் தலைமயிரும்தான். பழனியில் மொட்டை போட்டுக்கொண்டு பள்ளிக்கு வந்த முடியப்பன் ஒருவன் என்னோடு படித்தான், அந்த ஒரு மாதம் அவன் பட்ட பாடு இருக்கிறதே!

கேள்வி: ஸ்டீபன் என்பது கிறிஸ்தவப் பெயர்தானே? கிரேக்கர்களின் சொந்தப் பெயர் என்று எப்படிச் சொல்ல முடியும்?
– வாசகர், காரைக்குடி

பதில்: கிறிஸ்துவுக்கு 300, 400 ஆண்டுகளுக்கு முன்பே ஆதென்ஸில் ஸ்தெஃபனோஸ்கள் வழக்கு மன்றத்துக்கு நடையாய் நடந்துகொண்டிருந்தார்கள். ஆதென்ஸின் பெரும் பேச்சாளர் டெமோஸ்தெனிஸ் பெயரில் நம் கைக்கு வந்திருக்கும் வழக்காடு பேச்சுகளில், பொய்ச்சாட்சி சொன்னதாகக் குற்றம் சாட்டப்பட்ட ஒரு ஸ்தெஃபனோஸ் வருகிறார். நெயாரா என்ற அயலூர்ப் பெண்ணைச் சட்டத்துக்கு மாறாக மனைவி என்று சொல்லிக் குடித்தனம் நடத்தியதாக எதிரி பிலுபிலுவென்று பிடித்துக்கொள்ளும் ஸ்தெஃபனோஸ் இன்னொருவர். இரண்டுமே பேரனுக்குச் சொல்லிக்காட்டத் தோதான கதைகள் இல்லை, ஆனால் பெயர் எவ்வளவு சாதாரணமாகப் புழங்கியது என்பதற்கு இது போதும்.

டெமோஸ்தெனிஸின் மிகப் புகழ்பெற்ற பேச்சும் ஒரு ஸ்தெஃபனோஸைப் பற்றியதுதான், இந்த முறை மனிதன் இல்லை, தங்கத்தில் செய்த வளையம். ஊருக்கு டெமோஸ்தெனிஸ் செய்த சேவைக்காக அதை அவருக்குச் சூட்டலாம் என்று கி.மு. 336இல் க்டெசிபோன் என்பவர் முன்மொழிய, அது சட்டவிரோதம் என்று பரம எதிரி ஏஸ்கினிஸ் வழக்குப் போட, விசாரணை இழுத்து இழுத்து 330இல்தான் நடந்தது. (நம்ம ஊர் மட்டும்தான் என்று நினைத்தீர்களா?) ஏஸ்கினிஸுக்கு ஐந்தில் ஒரு பங்கு வாக்குகூடக் கிடைக்கவில்லை, ஊரை விட்டே போய்விட்டார்.

ஆனால் பெயரை உலகம் முழுக்கக் கொண்டுபோனது கிறிஸ்தவ விசுவாசத்துக்காக உயிர்விட்ட முதல் ஆள், அதாவது முதல் இரத்தசாட்சியான ஸ்டீபன்தான், அதை மறுக்க முடியாது. எருசலேமில் விதவைகளுக்கு அன்றாட உணவு பங்கிடுவதில் கிரேக்கம் பேசும் பெண்கள் ஒதுக்கப்படுகிறார்கள் என்று முணுமுணுப்பு எழுந்தபோது, அதைக் கவனிக்கத் தேர்ந்தெடுத்த ஏழு பேரில் ஒருவர் அவர். பந்தி விசாரிக்க நியமிக்கப்பட்டவர்! பிறகு அவரைக் கல்லெறிந்து கொன்றபோது, கல்லெறிந்தவர்கள் கழற்றி வைத்த மேலாடைகளுக்குப் பக்கத்தில் நின்றவர் சவுல் என்ற இளைஞர், அதாவது பின்னாளில் பவுல் ஆனவர். அந்தப் பவுல் பிற்பாடு கொரிந்துக்காரர்களுக்குக் கடிதம் எழுதும்போது, ஓட்டக்காரர்கள் அழிந்துபோகிற ஒன்றுக்காக ஓடுகிறார்கள், நாமோ அழியாததற்காக ஓடுகிறோம் என்கிறார். கொரிந்துக்குப் பக்கத்தில்தான் இஸ்த்மியப் போட்டிகள் நடந்தன, அதனால் உவமை ஊர்க்காரர்களுக்குப் பளிச்சென்று விளங்கியிருக்கும். நம் தமிழ் வேதாகமத்தில் கிரீடம் என்று இருக்கும் அந்த இடத்தில் கிரேக்கத்தில் இருக்கும் சொல் ஸ்தெஃபனோஸ். தன் கண்முன்னால் செத்த மனிதனின் பெயர் அது என்று எழுதும்போது அவருக்கு உறைத்ததா, உறைக்கவில்லையா? நான் அந்த வரியைப் படிக்கும்போதெல்லாம் ஒரு கணம் நின்றுவிடுவேன். முள்முடிக்கும் மூலத்தில் இதே சொல்தான். 415இல் ஸ்டீபனின் எலும்புகள் கண்டெடுக்கப்பட்டதாகச் செய்தி பரவிய பிறகு ஊருக்கு ஊர் அவருக்குக் கோயில் எழும்பியது, பிள்ளைகளுக்குப் பெயரும் பெருகியது.

கேள்வி: ஸ்பெயினில் எஸ்தேபான், பிரான்சில் எத்தியென், ஹங்கேரியில் இஷ்த்வான், ரஷ்யாவில் ஸ்தெபான். எல்லாம் ஸ்டீபன்தான் என்கிறார்கள். நம்பவே முடியவில்லையே?
– வாசகர், மதுரை

பதில்: "இஸ்கூலுக்கு நேரமாச்சு" என்று சொன்னதே இல்லையா நீங்கள்? சொல்லின் தொடக்கத்தில் 'ஸ்' வந்து உடனே இன்னொரு மெய்யும் வந்தால் நமக்கு நாக்கு முட்டும், முன்னால் ஓர் 'இ' போட்டுக்கொள்கிறோம். மெய்யெழுத்து சொல்லுக்கு முதலில் வராது என்று இலக்கணமே சொல்கிறது. ஸ்பானியர்களுக்கும் அதே சங்கடம், அவர்கள் 'எ' போட்டார்கள்: எஸ்தேபான். அவர்களுடைய பள்ளிக்கூடமும் எஸ்குவேலாதான். ஹங்கேரியர்கள் நம்மைப் போலவே 'இ' போட்டார்கள்: இஷ்த்வான். பிரெஞ்சுக்காரர்கள் முதலில் எஸ்தியென் என்று சொல்லிக்கொண்டிருந்து, நாளாக ஆக நடுவில் இருந்த 'ஸ்' தேய்ந்து எத்தியென் என்று நின்றது. உதவிக்கு வந்த உயிரெழுத்து தங்கிவிட்டது, உதவி தேவைப்பட்ட எழுத்தைக் காணோம்.

'ஃப', 'ப' குழப்பத்துக்கும் காரணம் உண்டு. பழங்கிரேக்கத்தில் அது ஃப இல்லை, மூச்சை அழுத்தி விடும் ஒரு ப. காலப்போக்கில்தான் ஃப ஆனது. கடன் வாங்கிய சிலருக்கு ஃப ஒலி பழக்கமில்லாததால் ப என்றே வைத்துக்கொண்டார்கள், ரஷ்ய ஸ்தெபானும் போலந்தின் ஷ்செபானும் அப்படி வந்தவை. தமிழில் ஸ்டீபன் என்று ப போட்டு எழுதுவதைக் கேலி செய்கிறவர்களிடம் இதைச் சொல்லுங்கள். நம் தமிழ் வேதாகமத்தின் ஸ்தேவானைப் போர்த்துகீசிய எஸ்தேவாவுக்குப் பக்கத்தில் வைத்துச் சொல்லிப் பாருங்கள், எவ்வளவு நெருக்கம்! ஸ்தேவானில் 'த' இருப்பதும் நல்ல காது. கிரேக்கர்கள் சொல்வதும் 'த'தான், 'ட' என்பது ஆங்கிலம் வழியாக வந்த பழக்கம்.

கேள்வி: இந்தப் பெயரில் ராஜாக்கள் இருந்திருக்கிறார்களா?
– வாசகர், திருநெல்வேலி

பதில்: ஏராளம். நீங்கள் கேட்டதால் சொல்கிறேன், இந்தப் பெயர் இலையிலிருந்து தங்கத்துக்கு மாறியதில் ராஜாக்களுக்கும் பங்கு உண்டு. ஹங்கேரியின் முதல் அரசர் பிறந்தபோது வாய்க், திருமுழுக்கில் பெற்ற பெயர் ஸ்டீபன், அதாவது இஷ்த்வான். 1000ஆம் ஆண்டின் கடைசியிலோ 1001இன் முதல் நாளிலோ முடிசூடினார், 1083இல் புனிதர் ஆனார், இன்றும் ஆகஸ்ட் 20 அங்கே தேசியத் திருநாள். அவர் பெயரால் போற்றப்படும் மணிமுடி புடாபெஸ்ட் நாடாளுமன்றக் கட்டடத்தில் இருக்கிறது. அவர் அதைச் சூடியதே இல்லை என்பதுதான் கதை, அதன் கீழ்ப்பகுதி அவர் இறந்து பல பத்தாண்டுகள் கழித்து, 1070களில் கிரேக்கம் பேசிய பைசாந்தியப் பேரரசில் செய்தது. அதில் கிரேக்க எழுத்துகள்கூட இருக்கின்றன.

செர்பியாவில் நெமான்யிச் வம்சத்து அரசர்கள் தங்கள் பெயருக்கு முன்னால் ஸ்தெஃபான் என்று பட்டம்போலவே சேர்த்துக்கொண்டார்கள். 1217இல் முடிசூடியவரை 'முதல் முடிசூடிய ஸ்தெஃபான்' என்றே வரலாறு சொல்கிறது, பெயரிலும் முடி, பட்டத்திலும் முடி. மல்தாவியாவில் 'மகா ஸ்தெஃபான்' 1457 முதல் 1504 வரை ஆண்டார். இங்கிலாந்தில் ஒரே ஒரு ஸ்டீபன் (1135–1154), ஆட்சி முழுக்க உள்நாட்டுச் சண்டை, அதற்குப் பிறகு எந்த இங்கிலாந்து அரசரும் அந்தப் பெயரோடு ஆளவில்லை. இன்னும் பரிதாபம் 752இல் போப்பாகத் தேர்வான ஒரு ஸ்டீபன். பதவியேற்பதற்குள், சில நாட்களிலேயே இறந்துவிட்டார். அவரைக் கணக்கில் சேர்ப்பதா வேண்டாமா என்ற குழப்பத்தில் பின்னால் வந்த ஸ்டீபன் போப்புகளுக்கெல்லாம் இரண்டு இரண்டு எண் ஆகிவிட்டது.

கேள்வி: கிரேக்கர்கள் இந்தப் பெயரை வீட்டில் எப்படிக் கூப்பிடுவார்கள்?
– வாசகி, சேலம்

பதில்: "ஸ்தெஃபனே!" கூப்பிடும்போது கடைசி 'ஓஸ்' போய் 'எ' வந்துவிடும், நம் "மன்னனே" மாதிரி காதில் விழும். அழுத்தம் முதல் அசையில். சித்சிபாஸ் 2021 பிரெஞ்சு ஓபன் இறுதியில் முதல் இரண்டு செட்டையும் எடுத்துவிட்டு ஜோகோவிச்சிடம் கோட்டைவிட்ட அன்று அந்த "ஸ்தெஃபனே" எத்தனை வீடுகளில் ஒலித்திருக்குமோ.

பிறந்தநாளைப் போலவே அங்கே பெயர்நாளும் பெரிய விசேஷம். ஸ்தெஃபனோஸ்களுக்கு டிசம்பர் 27, மேற்கத்திய திருச்சபையில் அது டிசம்பர் 26. கல்யாணத்தில் மணமக்கள் தலையில் வைக்கும், ரிபனால் இணைத்த ஜோடி வளையங்களுக்கும் ஸ்தெஃபனா என்றுதான் பெயர், மூன்று முறை மாற்றி மாற்றி வைப்பார்கள், பிறகு ஒரு பெட்டியில் போட்டு வீட்டில் பத்திரமாக வைத்திருப்பார்கள்.

கேள்வி: நியூமராலஜிப்படி என் மகன் பெயருக்குக் கூட்டுத்தொகை 5 வர வேண்டுமாம். ஸ்டீபன் சரிவருமா?
– வாசகர், ஈரோடு

பதில்: இந்த விளையாட்டையும் கிரேக்கர்கள் அன்றைக்கே ஆடியிருக்கிறார்கள், அவர்களுக்கு எழுத்துதான் எண். பழைய ரோமானிய ஊரான பாம்பேயியின் சுவரில் ஒருவன் கிரேக்க மொழியில், 545 என்ற எண்ணுக்கு உரியவளை நான் காதலிக்கிறேன் என்று கிறுக்கி வைத்திருக்கிறான், பெயரைச் சொன்னால் மாட்டிக்கொள்வோம் என்ற பயமாக இருக்கும். கிரேக்க எழுத்துகளில் ஸ்தெஃபனோஸைக் கூட்டினால் 1326. அதை மேலும் கூட்டினால் 12, அப்புறம் 3. ஐந்து வராது, ஜோசியரை மாற்றிப் பாருங்கள்.