ஸ்க்ரீன்ஷாட் சந்தேகமா? கேளுங்க

கேள்வி: பிரின்ட் ஸ்க்ரீன் பட்டனை அழுத்தினா ஒண்ணுமே நடக்கலை. படம் எங்க போகுது?

பதில்: விண்டோஸ் 10-ன்னா கிளிப்போர்டுக்குப் போகும். பெயிண்டைத் திறந்து கன்ட்ரோல் + வி போடுங்க, வந்து விழும். விண்டோஸ் பட்டனோட சேர்த்து அழுத்தினா பிக்சர்ஸ் உள்ள ஸ்க்ரீன்ஷாட்ஸ் ஃபோல்டர்ல ஃபைலாவே இருக்கும். சில லேப்டாப்ல எஃப்என் பட்டனையும் பிடிக்கணும். நான் இதுக்கெல்லாம் போறதில்லை. விண்டோஸ் + ஷிஃப்ட் + எஸ், வேணுங்கிற இடத்தை மட்டும் மௌஸால இழுத்துக்குவேன்.

கேள்வி: மேக்ல?

பதில்: கமாண்ட் + ஷிஃப்ட் + 4.

கேள்வி: லோன் ஏஜென்டுக்கு ஆதார் அனுப்பணும். ஹைலைட்டரால நம்பரை கறுப்பா அடிச்சிட்டேன், போதும்ல?

பதில்: போதாது. ஹைலைட்டர் மை ஊடுருவித் தெரியும். போன்ல பிரைட்னஸையும் கான்ட்ராஸ்டையும் ஏத்திப் பாருங்க, நம்பர் பல்லிளிக்கும். வேர்ட்ல படத்து மேல கறுப்புக் கட்டம் வச்சு அந்த ஃபைலையே அனுப்பறவங்களும் இருக்காங்க. வாங்கினவர் கட்டத்தை நகர்த்தினா முடிஞ்சது கதை. பெயிண்ட்ல முழுக்க நிரப்பின கட்டம் போட்டு, படமா சேவ் பண்ணி அனுப்புங்க. அதைவிட நல்லது, ஆதார் தளத்துலயே கடைசி 4 எண் மட்டும் தெரியற மாஸ்க்டு ஆதார் இறக்கிக்கலாம்.

கிராப் பண்ணினா தப்பிச்சோம்னு நினைக்காதீங்க. 2023 மார்ச்ல விண்டோஸ் 11-ல ஸ்க்ரீன்ஷாட் எடுத்து வெட்டுற ஸ்னிப்பிங் டூல்ல ஒரு ஓட்டை வெளிவந்தது. சேவ் பண்ணின படத்தை வெட்டி அதே ஃபைல் மேல திரும்ப சேவ் பண்ணினா, பழைய படத்தோட வால் உள்ளேயே கிடந்தது. வெட்டினதுல ஒரு பகுதியை மீட்க முடிஞ்சது. அப்டேட்ல சரி பண்ணிட்டாங்க, ஆனா அதுக்கு முன்னாடி அனுப்பின படங்கள் அனுப்பினபடியேதான் இருக்கு.

கேள்வி: ஓடிடி படத்தை எடுத்தா கறுப்பா வருது?

பதில்: காப்புரிமைப் பூட்டு. உடைக்க வழி இங்க கேட்காதீங்க.

கேள்வி: அழுத்தினேன், படம் எங்க சேவ் ஆச்சு?

பதில்: முதல் பதில்.

கேள்வி: எதுக்கு சார் இத்தனை பட்டன்? போன்ல போட்டோ எடுத்து வாட்ஸப்ல தட்டினா போச்சு.

பதில்: வாங்கிப் பார்க்கிறவன் பாவம். திரை முழுக்க கோடு கோடா அலை, நடுவுல ட்யூப்லைட், எரர் கோடுல இருக்கிறது 8-ஆ பி-யான்னே தெரியாது. போதாக்குறைக்கு உங்க முகமும் திரையில தெரியும்.

கேள்வி: ப்ளூ ஸ்க்ரீன் வந்தா எந்த பட்டனை அழுத்துவீங்க? சொல்லுங்க!

பதில்: அங்க போன்தான். விண்டோஸ் தொடங்கறதுக்கு முன்னாடி வர்ற பயாஸ் செட்டிங்ஸ் திரைக்கும் போன்தான். விண்டோஸே ஓடாதப்போ பட்டன் என்ன செய்யும்? மத்த இடத்துல என் கட்சி மாறாது.

கேள்வி: நானும் போன் கட்சி. ஆபீஸ் லேப்டாப்ல ஸ்க்ரீன்ஷாட்டைத் தடுத்து வச்சிருக்காங்க, வேற என்ன செய்ய?

பதில்: எதுக்குத் தடுத்தாங்கன்னு ஐடி ஆட்களைக் கேளுங்க. வேலைக்கு உலை வச்சுக்காதீங்க. போன் பஞ்சாயத்து இதோட போதும்.

கேள்வி: வாட்ஸப்ல அனுப்பினா எழுத்து மங்குது.

பதில்: டாக்குமென்டா அனுப்புங்க. தரம் குறையாம பிஎன்ஜி ஃபைலாவே போகும்.

கேள்வி: முழு வெப் பக்கத்தையும் ஒரே படமா எடுக்கணும்.

பதில்: ஃபயர்ஃபாக்ஸ்ல ரைட் கிளிக், டேக் ஸ்க்ரீன்ஷாட், முழுப் பக்கம். எட்ஜ்லயும் கன்ட்ரோல் + ஷிஃப்ட் + எஸ் போட்டா வரும். அனுப்பறதுக்கு முன்னாடி மேல் மூலையில உங்க மெயில் ஐடி தெரியுதான்னு பாருங்க.