முதல் பாட்டே அடுத்தவர் பாட்டா?

கேள்வி: நாங்கள் மூன்று நண்பர்கள், லேப்டாப்பில் எலக்ட்ரானிக் இசை செய்கிறோம். சென்னைக் குழு ஒன்றின் பாட்டிலிருந்து குரலை மட்டும் எடுத்து, மயானக்கொள்ளையில் பதிவு செய்த பம்பையைச் சேர்த்திருக்கிறோம். இதையே முதல் சிங்கிளாக விட்டால் கேவலமாகப் பேசுவார்களா?
- வாசகர், காட்பாடி

பதில்: பேசினால் பேசட்டும். பாரிஸின் ஜஸ்டிஸ் என்ற இருவர் எலக்ட்ரானிக் இசைக்குழு ஆரம்பித்ததே அப்படித்தான். சிமியன் என்ற இங்கிலாந்துக் குழுவின் 'நெவர் பி அலோன்' பாட்டை ஒரு ரீமிக்ஸ் போட்டிக்காக எடுத்து, கோரஸ் குரலை மட்டும் வைத்துக்கொண்டு மற்றதையெல்லாம் புதிதாகப் போட்டார்கள். போட்டியில் தோற்றுவிட்டார்கள் என்பது வேறு கதை! ஆனாலும் எட் பேங்கர் நிறுவனம் 2003-ல் அதை வெளியிட்டது, அப்புறம் 2006-ல் 'வீ ஆர் யுவர் ஃப்ரெண்ட்ஸ்' என்று மறுபடி வந்தபோது இரண்டு குழுக்களின் பெயரும் சேர்ந்தே இருந்தது, அதன் வீடியோ எம்டிவி ஐரோப்பா விருதையும் தட்டிக்கொண்டு போனது.

உங்கள் சிக்கல் மானம் இல்லை, அனுமதி. குரல் பதிவு யாருடையதோ அவரிடமும், வரிக்கும் மெட்டுக்கும் உரிமை உள்ளவர்களிடமும் எழுத்தில் வாங்குங்கள். 'பத்து செகண்டுதானே' என்றெல்லாம் சட்டத்தில் சலுகை கிடையாது. கிடைக்காவிட்டால் குரலைத் தூக்கிவிட்டு பம்பையை முன்னால் கொண்டுவாருங்கள், எனக்கென்னவோ அதுதான் நன்றாக இருக்கும் என்று படுகிறது. ஆனால் அடித்தவர்களையும் கேட்டுக்கொண்டு, பெயர் போட்டு, காசும் கொடுங்கள்.