ஸ்டார் வார்ஸில் லேயாவாக நடித்த கேரி ஃபிஷர் 2016-லேயே இறந்துவிட்டார். பிறகு 2019-இல் வந்த ஸ்டார் வார்ஸ் படத்தில் எப்படி நடித்தார்?

முகத்தை கம்ப்யூட்டரில் வரையவில்லை. 2015-இல் வந்த ஸ்டார் வார்ஸ் படமான தி ஃபோர்ஸ் அவேக்கன்ஸுக்காக எடுத்து, படத்தில் சேர்க்காமல் விட்ட காட்சிகளிலிருந்து அவர் முகத்தையும் குரலையும் எடுத்துக்கொண்டார்கள். தலைமுடி, உடை, உடம்பு மட்டும் டிஜிட்டலில் புதிதாகச் செய்தவை.

வேலை தலைகீழாகத்தான் நடக்கும். வசனம் ஏற்கெனவே பதிவாகிவிட்டது, மாற்ற முடியாது. அதனால் கையில் இருக்கும் பதிலுக்குப் பொருந்துகிற மாதிரி எதிரே பேசுபவரின் கேள்வியை எழுத வேண்டும். லேயாவின் பதில்கள் சில இடங்களில் பொதுப்படையாக, ஒட்டாமல் கேட்பது இதனால்தான்.

அடுத்தது வெளிச்சம். பழைய காட்சியில் இடது கன்னத்தில் வெளிச்சம் விழுந்திருந்தால், புதிய செட்டிலும் அதே பக்கம், அதே உயரத்தில் விளக்கு வைக்க வேண்டும். கேமரா கோணம், லென்ஸ் எதுவும் மாறக்கூடாது. பெரும்பாலும் காட்டிக்கொடுப்பது பார்வைதான்: எதிரே நிற்பவர் சற்றுத் தள்ளி நின்றாலே போதும், லேயா அவர் தோளைப் பார்த்துப் பேசுவது போலாகிவிடும்.

இளம் லேயா பயிற்சி எடுக்கும் காட்சி வேறு கதை. அங்கே நடித்தது கேரி ஃபிஷரின் மகள் பில்லி லூர்ட். முகம் 1983-இல் வந்த ஸ்டார் வார்ஸ் படத்திலிருந்து வந்தது.