தெர்மாஸ் பிளாஸ்க் செய்யும் கம்பெனியும் ஜப்பானின் பெரிய ஆக்சிஜன் கம்பெனியும் ஒன்றா? நிப்பான் சான்சோவின் வரலாறும் தொழிலும் என்ன?

ஆமாம், ஒரே குடும்பம்தான். பிளாஸ்க் ஏதோ பக்கத் தொழிலாக வந்து ஒட்டிக்கொண்டது என்று பலர் நினைக்கிறார்கள். காற்றைப் பிரிக்கும் ஆலை ஒன்றில் பல வருடம் ஷிப்ட் பார்த்தவன் என்ற முறையில், அது அந்தத் தொழிலின் வயிற்றிலேயே பிறந்த பிள்ளை என்றுதான் சொல்வேன்.

முதலில் பெயர். ஜப்பானிய மொழியில் 'சான்சோ' என்றால் ஆக்சிஜன். சொல்லுக்குச் சொல் பார்த்தால் 'அமிலத் தனிமம்'. எல்லா அமிலத்திலும் ஆக்சிஜன் இருக்கிறது என்று லவாசியே என்ற பிரெஞ்சு வேதியியலாளர் தவறாக எண்ணி வைத்த பெயர், டச்சு மொழி வழியாக ஜப்பானுக்குப் போய்ச் சேர்ந்தது. நாம் அதைப் பிராணவாயு என்கிறோம். எனக்கு நம் பெயர்தான் பிடித்திருக்கிறது.

1910-இல் நிப்பான் சான்சோவைத் தொடங்கியவர் யாமாகுச்சி தாகேஹிகோ. 1906-இல் இவர் தொடங்கிய யாமாதாகே என்ற வியாபார நிறுவனம்தான், தானியங்கிக் கட்டுப்பாட்டுக் கருவிகள் செய்யும் இன்றைய அஸ்பில். பேரிங் செய்யும் என்.எஸ்.கே.வும் இவர் ஆரம்பித்ததே. தொழிற்சாலைகள் முளைத்துக்கொண்டிருந்த நாட்டில், தொழிற்சாலைக்கு என்னென்ன தேவையோ அதை ஒவ்வொன்றாகச் செய்திருக்கிறார். அப்போது ஆக்சிஜனுக்கு இருந்த பெரிய வேலை இரும்பை வெட்டுவதும் ஒட்டுவதும். ஆக்சிஜனையும் அசிட்டிலினையும் சேர்த்து எரித்தால் சுடர் 3,000 டிகிரியைத் தாண்டும். 1911-லேயே டோக்கியோவின் ஒசாகியில் உற்பத்தி ஆரம்பமாகிவிட்டது.

சரி, காற்றிலிருந்து ஆக்சிஜனை எப்படி எடுக்கிறார்கள்? காற்றை கம்ப்ரசரில் அழுத்தி, ஈரத்தையும் கரியமில வாயுவையும் நீக்கி, திரவமாகும் அளவுக்குக் குளிர வைக்க வேண்டும். அப்புறம் உயரமான கோபுரத்துக்குள் காய்ச்சி வடிக்க வேண்டும். நைட்ரஜன் மைனஸ் 196 டிகிரியில் கொதிக்கும், ஆர்கான் மைனஸ் 186-இல், ஆக்சிஜன் மைனஸ் 183-இல். கடைசி இரண்டுக்கும் நடுவே இருப்பது 3 டிகிரிதான். ஆர்கானைச் சுத்தமாகப் பிரிப்பதற்குள் கண்ட்ரோல் ரூமில் உட்கார்ந்திருப்பவனுக்கு வியர்த்துவிடும்.

கச்சாப்பொருள் இலவசம், ஆனால் கரண்ட் பில் பயங்கரம். இந்தத் தொழிலின் கணக்கு முழுவதும் அதைச் சுற்றித்தான். சரக்கைத் தூரம் கொண்டுபோனால் கட்டுப்படியாகாது. அதனால் பெரிய உருக்காலை என்றால் பக்கத்திலேயே பிளாண்ட் போட்டுக் குழாய் வழியாகக் கொடுப்பார்கள், ஒப்பந்தம் பல வருடங்களுக்கு இருக்கும். நடுத்தர வாடிக்கையாளருக்கு டேங்கரில் திரவமாகப் போகும், சின்ன பட்டறைக்குச் சிலிண்டர். ஒரு லிட்டர் திரவ ஆக்சிஜன் ஆவியானால் 800 லிட்டருக்கு மேல் வாயு கிடைக்கும், அதனால்தான் டேங்கர். இதோடு, சிப் தயாரிப்பவர்களுக்கு மிகத் தூய நைட்ரஜன், சிலேன் போன்ற ஆபத்தான வாயுக்களையும் நிப்பான் சான்சோ விற்கிறது.

அந்த டேங்கரில்தான் பிளாஸ்கின் கதை இருக்கிறது. மைனஸ் 183 டிகிரியில் இருக்கும் திரவத்தைச் சும்மா ஒரு பாத்திரத்தில் வைத்தால் கொதித்துக் காணாமல் போய்விடும். அதனால் உள்ளே ஒரு தொட்டி, வெளியே ஒரு தொட்டி, நடுவே வெற்றிடம். இந்த யோசனை லண்டனில் இருந்த விஞ்ஞானி ஜேம்ஸ் டிவாருடையது. 1892-இல் திரவமாக்கிய வாயுக்களை வைத்து ஆராய்வதற்காக இரட்டைச் சுவர்க் கண்ணாடிக் குடுவையைச் செய்தார், காப்புரிமை எடுக்கவில்லை. அதையே ஜெர்மனியில் 1904-இல் தெர்மாஸ் என்ற பெயரில் வீட்டுப் பொருளாக்கினார்கள். குளிரைக் காக்கப் பிறந்த குடுவை நம் வீட்டில் காபிச் சூட்டைக் காத்தது. ஆனால் உள்ளே கண்ணாடி, கை தவறினால் போச்சு.

1978-இல் நிப்பான் சான்சோ அந்தக் கண்ணாடியை எடுத்துவிட்டு, முழுக்க ஸ்டெயின்லெஸ் ஸ்டீலில் வெற்றிட பிளாஸ்க் கொண்டுவந்தது. வெற்றிடத் தொட்டிகளோடு பழகிய கைகளுக்கு, அதையே கையில் அடங்கும் அளவில் செய்யத் தோன்றியது இயல்புதான். 1989-இல் தெர்மாஸ் தொழிலையே வாங்கிவிட்டார்கள். இன்றும் மொத்த வருமானத்தில் அதன் பங்கு சிறியதுதான்.

மீதி வரலாறு இணைப்புகளும் வாங்கல்களும். 2004-இல் தையோ தோயோ சான்சோ என்ற இன்னொரு வாயுக் கம்பெனியோடு சேர்ந்து தையோ நிப்பான் சான்சோ ஆனது. 2014-இல் மிட்சுபிஷி கெமிக்கல் குழுமம் பெரும்பான்மைப் பங்கை வாங்கியது. 2018-இல் உலகின் பெரிய வாயுக் கம்பெனிகளான லிண்டேயும் பிராக்ஸேரும் இணைந்தபோது, போட்டி குறையக் கூடாது என்பதற்காக பிராக்ஸேரின் ஐரோப்பியத் தொழிலை விற்க வேண்டி வந்தது. அதை 500 கோடி யூரோவுக்கு இவர்கள் வாங்கினார்கள். நூறு வருடக் கதையில் மிகத் துணிச்சலான முடிவு அதுதான் என்பது என் கருத்து. 2020 முதல் நிப்பான் சான்சோ ஹோல்டிங்ஸ் என்ற பெயர். ஆண்டு விற்பனை இப்போது ஒரு லட்சம் கோடி யென்னுக்கு மேல்.

இவர்கள் செய்வதில் எனக்கு மிகவும் பிடித்தது ஆக்சிஜன்-18, அதாவது சாதாரண ஆக்சிஜனைவிட அணு எடை கூடிய வகை. இயற்கை ஆக்சிஜனில் சுமார் 0.2 சதவீதம்தான் அது இருக்கிறது. கொதிநிலையில் உள்ள மிக மெல்லிய வித்தியாசத்தை வைத்து, திரவ ஆக்சிஜனைத் திரும்பத் திரும்ப வடித்துப் பிரிக்கிறார்கள். அதைத் தண்ணீராக்கி, சைக்ளோட்ரான் என்ற துகள் முடுக்கியில் வைத்து புரோட்டான்களால் தாக்கினால், கதிரியக்கம் உள்ள ஃபுளோரின்-18 கிடைக்கும். புற்றுநோயாளிக்கு பெட் ஸ்கேன் எடுக்கும் முன் ஏற்றும் மருந்தில் இருப்பது அந்த ஃபுளோரின்தான்.