அமெரிக்காவில் சர்க்கரை பீட் சாகுபடி அழிந்து வருகிறதா?

சர்க்கரை எடுக்கப் பயிரிடும் பீட் கிழங்கின் பரப்பு குறைகிறது, சர்க்கரை ஆலைகளை மூடுகிறார்கள், அப்படியானால் பீட் அவ்வளவுதானா என்று கேட்டிருக்கிறீர்கள். ஏதோ ப்ராஜெக்டுக்காகப் புள்ளிவிவரம் தேடுகிறீர்கள் என்று நினைக்கிறேன். பரப்பு குறைந்தது உண்மைதான். 2000-ல் 15 லட்சம் ஏக்கருக்கு மேல் விதைத்தார்கள், இப்போது சுமார் 11 லட்சம். ஆனால் மொத்த விளைச்சல் அன்றும் இன்றும் பெரும்பாலும் 3 கோடி டன்னுக்கு மேல். ஏக்கருக்கு 24 டன் அளவில் இருந்தது 30 டன்னை ஒட்டி வந்துவிட்டது. (இந்த டன் 907 கிலோ. மெட்ரிக் டன்னோடு குழப்பிக்கொள்ளாதீர்கள்.)

2008-ல் களைக்கொல்லியைத் தாங்கும் மரபணு மாற்ற விதை வந்ததும் இரண்டே வருடத்தில் கிட்டத்தட்ட எல்லோரும் அதற்கு மாறினார்கள். நோய் தாங்கும் ரகங்களும் கை கொடுத்தன. உடனே என்னை விதைக் கம்பெனி ஆள் என்று சொல்ல யாராவது வருவார்கள். எனக்கு அதில் ஒரு பைசா லாபம் இல்லை. அந்த மருந்துக்கு அடங்காத களைகள் இப்போது வயலில் நிற்பதும் எனக்குத் தெரியும்.

நான் சொல்ல வந்தது வேறு. ஏக்கருக்கு இத்தனை டன் என்பதை மட்டும் பார்த்து எந்த முடிவுக்கும் வராதீர்கள். 2019 இலையுதிர்காலத்தில் மினசோட்டாவின் ரெட் ரிவர் பள்ளத்தாக்கில், பீட் கொண்டுவந்து குவிக்கும் நிலையம் ஒன்றில் வேலை பார்த்தேன். லாரி வந்ததும் கிழங்கு மாதிரியைப் பையில் பிடித்து, சீட்டோடு ஆய்வகத்துக்கு அனுப்ப வேண்டும். மண் எவ்வளவு, சர்க்கரை எத்தனை சதவீதம் என்று அங்கே பார்ப்பார்கள். விவசாயிக்குக் காசு அதை வைத்துத்தான்.

அந்த அக்டோபரில் மழை, பனிப்புயல், மறுபடி மழை. அறுவடை இயந்திரங்கள் சேற்றில் புதைந்தன. லாரியை டிராக்டர் கட்டி இழுத்தார்கள். வந்த கிழங்கில் பாதி மண் உருண்டையாகத்தான் தெரிந்தது. அப்புறம் கடும் உறைபனி. உறைந்த கிழங்கின் தலைப்பகுதி கண்ணாடி மாதிரி ஆகிவிடும், இளகினால் கறுத்துக் கொழகொழக்கும். குவியலில் அது சேர்ந்தால் பக்கத்துக் கிழங்கும் அழுகும். குவித்ததை வசந்தகாலம் வரை வைத்து அரைக்க வேண்டுமே, அதனால் வாங்க முடியாது என்று திருப்பி அனுப்பினார்கள். எத்தனையோ வயல்கள் அப்படியே நின்றுபோயின.

அந்த வருடக் கணக்கைப் பாருங்கள். விதைத்தது 11 லட்சம் ஏக்கருக்கு மேல், அறுவடையானது 10 லட்சத்துக்கும் கீழே. விளைச்சலோ ஏக்கருக்கு 29 டன். பார்க்கிறவர் நல்ல வருடம் என்பார்! அறுவடை செய்த ஏக்கரால் மட்டும்தான் வகுக்கிறார்கள். மண்ணிலேயே போனது அந்த எண்ணில் வராது. அதனால் விதைத்த பரப்பு, அறுத்த பரப்பு இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். சர்க்கரைச் சதவீதத்தையும் விடாதீர்கள். எடை கூடிச் சர்க்கரை குறைந்தால் யாருக்கும் பயனில்லை.

   

சரி, ஆலைகள் விஷயம். மொன்டானாவின் சிட்னி ஆலை 2023-ல் மூடியது. 2025-ல் கலிபோர்னியாவின் கடைசி பீட் ஆலையான பிராலியையும் மூடுவதாக அறிவித்தார்கள். அதைச் சுற்றியுள்ள இம்பீரியல் பள்ளத்தாக்கில் ஏக்கருக்கு 40 டன்னுக்கு மேல் எடுப்பார்கள், நாட்டிலேயே அதிகம். அப்படி விளைந்தும் காப்பாற்ற முடியவில்லை. முக்கால்வாசி தண்ணீராக இருக்கும் கிழங்கை வேறு மாநிலத்துக்கு லாரியில் ஏற்றினால் வாடகைக்கே காசு போய்விடும். ஆலை போன இடத்தில் பீட்டும் போய்விடும். மினசோட்டா, வடக்கு டகோட்டாவில் ஆலைகளே விவசாயிகளின் கூட்டுறவுக்குச் சொந்தம். அங்கே இன்னும் விதைக்கிறார்கள்.